அலமாரியில் நுழையாத பெட்டியும் வட்டில் படரும் பூசணமும்: விளையாட்டுத் தொகுப்பைச் சிங்கப்பூர் வீட்டில் பேணுவோருக்கான பிழை நீக்கும் வழிமுறை

வீடியோ விளையாட்டு வட்டுகளையும் கார்ட்ரிட்ஜ்களையும் பெட்டியோடு வாங்கிச் சேர்ப்பவர் சிங்கப்பூரில் இரண்டு தொல்லைகளோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கிறது. அலமாரிக்கும் பெட்டிக்கும் நடுவே குறுக்கிடும் சில மில்லிமீட்டர்கள் ஒன்று. ஆண்டுச் சராசரியே 80 விழுக்காட்டைத் தாண்டி நிற்கும் காற்றின் ஈரப்பதம் மற்றொன்று. இவை தனித்தனிச் சிக்கல்கள் என்றே நானும் வெகுநாள் நினைத்திருந்தேன். இம்மியளவும் இடைவெளியின்றி நான் நெருக்கி அடுக்கிய தட்டில்தான் பூசணம் முதலில் தலைகாட்டியது என்பதைக் கண்ட பிறகே, அளவெடுக்கும்போது காற்றுக்கும் சேர்த்து இடம் ஒதுக்க வேண்டும் என்பது உறைத்தது.

கீழே உள்ளவை அறிகுறிவாரியாக எழுதப்பட்டுள்ளன. உங்கள் வீட்டில் தென்படும் அறிகுறியைத் தேடி அங்கிருந்தே படிக்கத் தொடங்கலாம். முதல் பகுதியை மட்டும் தாண்டிச் செல்ல வேண்டாம், ஏனெனில் பின்னால் வரும் தீர்வுகளில் பாதி அந்த எண்களையே நம்பியிருக்கின்றன. கையில் இருக்க வேண்டியவை மூன்று: எஃகு அளவுகோல், சிறிய ஈரப்பதமானி, கைவிளக்கு.

முதலில் அளவுகள்

பிளேஸ்டேஷன் 2, முதல் எக்ஸ்பாக்ஸ், எக்ஸ்பாக்ஸ் 360, கேம்கியூப், வீ ஆகியவற்றின் பெட்டிகள் எல்லாம் டிவிடி பெட்டியின் வார்ப்பில் வந்தவை. உயரம் 190 மி.மீ., அகலம் 135 மி.மீ., தடிமன் 14 முதல் 15 மி.மீ. வரை. பிளேஸ்டேஷன் 3, 4, 5 பெட்டிகள் புளூ-ரே வழி வந்தவை என்பதால் அகலமும் தடிமனும் ஏறக்குறைய அதேதான். உயரம் மட்டும் 170 மி.மீ. சொச்சமாகக் குறைந்துவிடும். நிண்டெண்டோ ஸ்விட்ச் பெட்டியின் உயரமும் 170 மி.மீ.தான், ஆனால் அகலம் 105, தடிமன் 11 மி.மீ.க்குள். பிளேஸ்டேஷன் 1க்கும் டிரீம்காஸ்ட்டுக்கும் ஜப்பானில் வந்த ஒற்றை வட்டு விளையாட்டுகள், பாட்டு சிடிக்கள் வரும் அதே கண்ணாடி போன்ற பெட்டியில் 142க்கு 125க்கு 10 மி.மீ. என்ற கணக்கில் இருக்கும். டிஎஸ் பெட்டிகள் இவை எதிலும் சேராமல், ஏறத்தாழச் சதுரமாக, 137க்கு 125 மி.மீ. என்று தனி வழியில் போகும்.

இந்த எண்களைத் தொடக்கமாக மட்டும் கொள்ளுங்கள். ஒரே விளையாட்டு இயந்திரத்தின் பெட்டிகளே அச்சாகி வந்த வட்டாரத்தைப் பொறுத்து ஒரு மில்லிமீட்டர் கூடவோ குறையவோ செய்யும். ஒரு பெட்டியில் ஒரு மில்லிமீட்டர் ஒன்றுமில்லைதான். ஐம்பது பெட்டி வரிசையாக நின்றால் அது ஐந்து சென்டிமீட்டர். ஆகவே உங்களிடம் உள்ளவற்றில் பத்துப் பெட்டிகளை ஒன்றாகச் சேர்த்துப் பிடித்து, மொத்தத் தடிமனை அளந்து, பத்தால் வகுத்துக் கொள்வதே நம்பகமான வழி.

அறிகுறி: கணக்குப்படி நுழைய வேண்டிய பெட்டி நுழையவில்லை

அலமாரியின் விளம்பரத்தில் போட்டிருப்பது பெரும்பாலும் வெளி அளவு. பலகையின் தடிமனைக் கழித்து உள் அளவைப் பார்க்காமல் வாங்கிவிடுவதே இந்தக் குறையின் வேர். இங்கே பலர் வீட்டிலும் இருக்கும் ஐக்கியாவின் இரண்டு அலமாரிகளையே எடுத்துக்கொள்வோம்.

பில்லி அலமாரியின் அகலம் 80 செ.மீ., ஆழம் 28 செ.மீ.; உள்ளே கிடைப்பது 76 செ.மீ. அகலமும் 26 செ.மீ. ஆழமும். 14 மி.மீ. தடிமனுள்ள பிளேஸ்டேஷன் பெட்டிகள் ஒரு தட்டில் கணக்குக்கு 54 நிற்கும். ஆனால் 54ஐயும் அடுக்கிவிட்டால் நடுவில் உள்ள ஒன்றை உருவ நகக்கண் வலிக்கும். 50க்கு மேல் வைக்காமல், பலகை ஓரம் இரண்டு விரல் இடம் விடுங்கள். முன்னும் பின்னுமாக இரண்டு வரிசை வைக்கலாம் என்று ஆசைப்படுவோருக்கு ஏமாற்றம் காத்திருக்கிறது: 13.5 செ.மீ.யை இரட்டித்தால் 27 செ.மீ., உள் ஆழமோ 26. முன்வரிசை ஒரு சென்டிமீட்டர் வெளியே துருத்தும், போகிற வருகிற கையில் எல்லாம் இடிபடும். ஸ்விட்ச் பெட்டிகளுக்கு மட்டும் இந்தத் தடை இல்லை. இரண்டு வரிசைக்கு 21 செ.மீ. போக, பின்னால் ஐந்து செ.மீ. காற்றுக்கு மிஞ்சும்.

கல்லாக்ஸ் அலமாரியின் கட்டங்கள் இன்னும் பொல்லாதவை. இசைத்தட்டுகளுக்கு அளந்து வைத்தாற்போல் பொருந்தும் அந்தக் கட்டம் உள்ளே ஏறத்தாழ 33 செ.மீ. சதுரம். ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு அடுக்கு வைக்க, ஸ்விட்ச் பெட்டிக்கும் பிளேஸ்டேஷன் 4 பெட்டிக்கும் குறைந்தது 34 செ.மீ. வேண்டும். ஒரு செ.மீ.யில் கைநழுவிப் போகிறது. படுக்கவைத்து அருகருகே இரண்டு அடுக்காக்கினாலும் அதே 34தான், அதே ஏமாற்றம்தான். சிடி அளவுப் பெட்டிகளுக்கும் டிஎஸ் பெட்டிகளுக்கும் மட்டுமே இரண்டு அடுக்கு சாத்தியம். ஆகையால் கல்லாக்ஸை ஏற்கெனவே வாங்கிவிட்டவர்கள், மரக்கடையில் 31 செ.மீ. அகலத்துக்கு ஒரு பலகையை வெட்டிவாங்கி, 15 செ.மீ. உயரக் கால்கள் பொருத்தி, கட்டத்தின் பின்பாதியில் படிக்கட்டுபோல் வைத்துக்கொள்ளலாம். பின்வரிசை உயர்ந்து நிற்பதால் முதுகில் உள்ள பெயர் தெரியும் என்று சொல்ல ஆசைதான். ஆனால் 15ம் 17ம் சேர்ந்து 32 செ.மீ., பலகைத் தடிமனையும் கூட்டினால் மறுபடியும் 33ஐ முட்டும். படியின் உயரத்தைப் பத்தாகக் குறைத்துக்கொண்டால் பெயரில் மேல்பாதியாவது தெரியும். இதைவிடச் சிறந்த தீர்வு ஆழம் குறைந்த அலமாரிதான் என்பது என் கருத்து. 15 செ.மீ. ஆழம் போதும் என்ற ஒரு பொருளுக்கு 39 செ.மீ. ஆழத்தை ஒதுக்கும் ஆடம்பரத்துக்கு நாலறை வீட்டில் இடமில்லை.

டிவிடி உயரப் பெட்டிகளையும் புளூ-ரே உயரப் பெட்டிகளையும் கலந்து வைத்திருப்பவர்கள், தட்டின் இடைவெளியை 19 செ.மீ.க்குப் பொருத்தாமல் 21 செ.மீ.க்குப் பொருத்த வேண்டும். மேலே விரலை விட்டுப் பெட்டியின் உச்சியைச் சாய்த்து எடுக்க அந்த இரண்டு செ.மீ. இல்லாவிட்டால், முதுகுப் பக்கத்துப் பிளாஸ்டிக் உறையைப் பிடித்து இழுப்பீர்கள். உறை கிழிவது அப்படித்தான்.

அறிகுறி: காப்புறை போட்ட பிறகு வரிசை நிரம்பி வழிகிறது

தெளிவான பிஇடி பிளாஸ்டிக் காப்புறைகள் பெட்டிக்குப் பெட்டி ஏறத்தாழ ஒரு மி.மீ. கூட்டும். ஐம்பது பெட்டிக்கு மூன்று நான்கு பெட்டிகளின் இடம் போய்விடும். எல்லாவற்றுக்கும் காப்புறை போடுவது வீண் என்றே சொல்வேன். அட்டைப்பெட்டியில் வந்த பழைய விளையாட்டுகளுக்கும் தகரப் பெட்டிச் சிறப்புப் பதிப்புகளுக்கும் போட்டால் போதும். வாங்கும்போது பிவிசி அல்லாததாகப் பார்த்து வாங்குங்கள். ஏன் என்பது பிசுபிசுப்பைப் பற்றிய பகுதியில் வரும்.

அறிகுறி: வட்டில் வெண்மை, பெட்டியைத் திறந்தால் புழுங்கல் வாடை

இந்தப் பகுதிதான் நீளமானது. முதலில், வெண்மை எவ்வகை என்று பிரித்தறிய வேண்டும். வட்டைக் கைவிளக்கின்கீழ் சாய்த்துப் பிடித்துப் பாருங்கள். ஒரு புள்ளியிலிருந்து சிலந்திவலைபோல் கிளைவிட்டுப் படர்ந்திருந்தால் அது பூசணம். கிளையே இல்லாமல் சீராகப் புகைபடிந்தாற்போல் இருந்து, விரலில் லேசாக ஒட்டினால் அது உறையிலிருந்து கசிந்த பூச்சு. ஈரத் துணியின் நுனியால் ஓரத்தில் தொட்டுத் துடைத்தும் அணுவளவும் மாறாவிட்டால், கறை வெளியில் இல்லை, வட்டின் உள்ளே இருக்கிறது. அதை நாம் ஒன்றும் செய்ய முடியாது.

பூசணம் என்றால், வட்டைச் சன்னலோரமோ வீட்டுக்கு வெளியே தாழ்வாரத்திலோ வைத்து, முகக்கவசம் அணிந்து வேலை செய்யுங்கள். வெதுவெதுப்பான நீரில் பாத்திரம் கழுவும் சோப்புத் திரவம் ஒரு சொட்டு விட்டு, மைக்ரோஃபைபர் துணியை நனைத்து, நடுத்துளையிலிருந்து விளிம்பை நோக்கி நேர்க்கோட்டில் துடைக்க வேண்டும். சக்கரம்போல் சுற்றித் துடைக்கக் கூடாது. நேர்க்கோட்டில் விழும் கீறலை இயந்திரத்தின் பிழைதிருத்தம் பெரும்பாலும் சமாளித்துவிடும். தடத்தோடு ஓடும் வட்டக் கீறல் தொடர்ச்சியாகத் தரவை மறைப்பதால் அதைச் சமாளிக்காது. பிறகு காய்ச்சி வடித்த நீரில் அலசி, ஒற்றியெடுத்து, விளிம்பில் நிறுத்திக் காயவிடுங்கள். பெட்டியிலிருந்து முகப்புத் தாளையும் கையேட்டையும் எடுத்துவிட்டு, பெட்டியைச் சோப்பு நீரில் கழுவி, ஒரு முழு நாள் காய்ந்த பிறகே மூட வேண்டும். தாள்களை ஒருபோதும் நனைக்க வேண்டாம். ஏர்கான் அறையில் இரண்டு நாள் விரித்துக் காயவைத்து, உலர்ந்த பூசணத்தை மெல்லிய தூரிகையால் வெளிநோக்கித் தட்டிவிடுங்கள். ஈரமாக இருக்கும்போது தேய்த்தால் கறை தாளுக்குள் இறங்கிவிடும்.

இவ்வளவும் செய்து, அதே இடத்தில் திரும்ப வைத்தால் மூன்று மாதத்தில் அதே காட்சி மீளும். எனவே காரணத்தைத் தேட வேண்டும். பூசணம் முளைக்கத் தண்ணீர் சொட்ட வேண்டியதில்லை. ஈரப்பதம் 65, 70 விழுக்காட்டுக்கு மேல் நீடித்தால் போதும். நம் ஊரில் விடியற்காலையில் 90 விழுக்காட்டைத் தாண்டுவதும், மழையில்லாத பிற்பகலில் 60 அளவுக்கு இறங்குவதும் வழக்கம். டிசம்பர், ஜனவரி மாத வடகிழக்குப் பருவமழையில் அந்தப் பிற்பகல் இறக்கமும் இருக்காது. வட்டுகளைப் பேணுவது குறித்து அமெரிக்கத் தர, தொழில்நுட்ப நிறுவனம் 2003இல் வெளியிட்ட வழிகாட்டியோ 4 முதல் 20 பாகை வெப்பமும் 20 முதல் 50 விழுக்காடு ஈரப்பதமும் வேண்டும் என்கிறது. 20 பாகையை விட்டுத்தள்ளுங்கள், மின்கட்டணம் யார் கட்டுவது? 50 விழுக்காட்டை மட்டும் இலக்காக வைத்துக்கொள்ளலாம்.

ஏர்கான் ஓடும் படுக்கையறையில் வைத்தால் பாதுகாப்பு என்று நம்புவோர், காலை ஏழு மணிக்கு என்ன நடக்கிறது என்று கவனிக்க வேண்டும். இரவு முழுவதும் 23 பாகையில் குளிர்ந்த அறையில் சுவரும் அலமாரியும் பெட்டிகளும் அதே குளிர்ச்சியில் இருக்கும். ஏர்கானை நிறுத்திவிட்டுச் சன்னலைத் திறந்ததும், 28 பாகையும் 84 விழுக்காடு ஈரமும் உள்ள வெளிக்காற்று உள்ளே வரும். அந்தக் காற்றின் நீராவி ஏறத்தாழ 25 பாகையில் துளியாகத் தொடங்கும். 23 பாகையில் இருக்கும் எதன்மேல் பட்டாலும் பனித்துவிடும். குளிர்பானப் புட்டி மேசையில் வியர்ப்பதும் இதுவும் ஒன்றே. வெளிச்சுவரை ஒட்டி நிற்கும் அலமாரியின் பின்பலகைதான் கடைசியாகச் சூடேறும் என்பதால், பெட்டிகளின் பின்பக்கத்தில் பூசணம் முதலில் வருகிறது. தீர்வு எளிது: ஏர்கானை நிறுத்திய பின் சன்னலைத் திறக்க ஒரு மணி நேரம் பொறுங்கள், அலமாரியைச் சுவரிலிருந்து ஐந்து செ.மீ. நகர்த்துங்கள், பெட்டிகளைப் பின்பலகையில் முட்டவிடாமல் இரண்டு செ.மீ. முன்னால் நிறுத்துங்கள். தொடக்கத்தில் காற்றுக்கு இடம் ஒதுக்கச் சொன்னது இதற்காகத்தான்.

அடுத்து, பாம் ஷெல்ட்டர். 1990களின் இறுதியிலிருந்து கட்டப்பட்ட வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீடுகளில் கனத்த கான்கிரீட் சுவரும் எஃகுக் கதவும் கொண்ட அந்த அறையே பெரும்பாலான குடும்பங்களுக்குச் சாமான் அறை. நானும் மூன்று அட்டைப்பெட்டிகளில் பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளை அங்கேதான் தரையோடு அடுக்கியிருந்தேன். “அரிசி மூட்டையே அங்க வச்சா வண்டு புடிக்குது, இத எதுக்குப்பா அங்க கொண்டு போயி வக்கிற?” என்று அம்மா கேட்டதை நான் காதில் வாங்கவில்லை. ஓராண்டு கழித்துத் திறந்தபோது, அடியில் இருந்த அட்டைப்பெட்டி கையோடு பிய்ந்து வந்தது. அதற்குள் தரையைத் தொட்டிருந்த வரிசையில் மட்டும் முகப்புத் தாள்கள் பிளாஸ்டிக் உறையோடு ஒட்டிப்போயிருந்தன. மேல்வரிசை பழுதில்லாமல் இருந்தது. சன்னல் இல்லை, காற்று அசைவதில்லை, கதவும் இறுக மூடும். சுவரையும் கதவையும் காற்றோட்டத் திறப்புகளையும் நம் விருப்பப்படி மாற்ற விதிகள் இடம் தருவதில்லை. வேறு வழியே இல்லாமல் அங்கே வைப்பதானால், அட்டைப்பெட்டியைத் தவிர்த்து, மூடியில் ரப்பர் விளிம்புள்ள பிளாஸ்டிக் பெட்டியில், சிலிக்கா ஜெல் பையோடு, தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில், சுவரைத் தொடாமல் வையுங்கள்.

சிலிக்கா ஜெல்லில் நிறம் மாறும் ஆரஞ்சு வகை நல்லது. பச்சையானதும் 120 பாகை அடுப்பில் சில மணி நேரம் உலர்த்தினால் மீண்டும் வேலை செய்யும். நீலவகையில் கோபால்ட் குளோரைடு இருப்பதால் குழந்தைகள் உள்ள வீட்டில் வேண்டாம். பேரங்காடிகளில் அடுக்கடுக்காக விற்கும், அடியில் தண்ணீர் சேரும் டப்பாக்கள் கால்சியம் குளோரைடால் ஆனவை. துணி அலமாரிக்கு அவை சரி. விளையாட்டுப் பெட்டிகளுக்குப் பக்கத்தில் வைக்கவே கூடாது என்பது நான் விலை கொடுத்துக் கற்றது. ஒரு டப்பா வரிசைக்குப் பின்னால் சாய்ந்து, சேர்ந்திருந்த நீர் கொட்டிவிட்டது. துடைத்தேன், மறுநாள் அதே இடம் ஈரமாக இருந்தது. மறுபடி துடைத்தேன், மறுபடி ஈரம். கொட்டியது வெறும் நீரன்று, காற்றிலிருந்து ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும் உப்புக் கரைசல். நிறைய நீர் விட்டுக் கழுவினாலொழிய அது காயவே காயாது. தகரப் பெட்டிப் பதிப்பு ஒன்று அடிவிளிம்பில் துருவேறிப் போனது அப்போதுதான்.

தொகுப்பு நூறைத் தாண்டியவர்கள், புகைப்படக்காரர்கள் லென்ஸுகளுக்கு வாங்கும் ட்ரை கேபினட்டை, அதாவது உள்ளே ஈரப்பதத்தைக் குறைத்து வைக்கும் அலமாரியை, எண்ணிப் பார்க்கலாம். லென்ஸில் வரும் பூசணமும் நம்முடையதும் ஒரே குடும்பம்தான். 45 விழுக்காட்டில் நிறுத்தி வையுங்கள். வாங்குமுன் தட்டுகளுக்கிடையே 21 செ.மீ. இடைவெளி கிடைக்குமா என்பதை மட்டும் அளந்து பாருங்கள். கேமராவுக்கு என்று செய்யப்பட்ட தட்டுகள் பல நேரங்களில் 17இல் நின்றுவிடும்.

அறிகுறி: முகப்புத் தாள் அலையலையாக நெளிந்திருக்கிறது

பூசணம் இல்லாமல் நெளிவு மட்டும் இருந்தால், தாள் ஈரம் குடித்து விரிந்து, உறைக்குள் விரிய இடமில்லாமல் மடிந்திருக்கிறது என்று பொருள். தாளை உருவி, இரண்டு வெற்று வெள்ளைத் தாள்களுக்கு நடுவே வைத்து, உலர்ந்த அறையில் கனமான புத்தகத்தின்கீழ் ஒரு வாரம் வைத்தால் பெரும்பாலும் நேராகிவிடும். அயர்ன் பெட்டியை எடுக்க வேண்டாம். பளபளப்பு மை துணியோடு வந்துவிடும். உறையின் பிளாஸ்டிக்கே நெளிந்திருந்தால், படுக்கையாக உயரமாக அடுக்கியதன் பாரமோ வெயிலின் சூடோதான் காரணம். பெட்டியைப் புதிதாக மாற்றுவதைத் தவிர வேறு மருந்தில்லை.

அறிகுறி: முதுகின் நிறம் வெளுக்கிறது

அலமாரியை ஒரு நிமிடம் எட்ட நின்று பாருங்கள். சிவப்பு முதுகுகள் ரோசாவாகவும், மஞ்சள் எழுத்துகள் வெள்ளையாகவும், நீலமும் கறுப்பும் மட்டும் அப்படியே இருந்தால், அது வெயிலின் கைவரிசை. அச்சு மைகளில் மஞ்சளும் மெஜந்தாவும்தான் ஒளிக்கு முதலில் தோற்பவை. ஸ்விட்ச் வரிசையின் சிவப்பு முதுகுகளில் இது பளிச்சென்று தெரியும். மேற்கு பார்த்த சன்னலுக்கு எதிரே அலமாரி இருந்தால் இடத்தை மாற்றுங்கள். முடியாவிட்டால் கண்ணாடிக்குப் புற ஊதாக் கதிரைத் தடுக்கும் ஒட்டுத்தாள் போட்டு, பிற்பகலில் திரையை இழுத்துவிடுங்கள். போன நிறம் திரும்பாது.

அறிகுறி: பெட்டியை அசைத்தால் உள்ளே கலகலக்கிறது

வட்டைப் பிடித்திருக்கும் நடுப் பற்கள் உடைந்திருக்கின்றன. உடைந்த பிளாஸ்டிக் துணுக்கு உள்ளேயே உருண்டு வட்டைக் கீறிக்கொண்டிருக்கும் என்பதால், உடனே திறந்து துணுக்கை எடுத்துவிட்டு வேறு பெட்டிக்கு மாற்றுங்கள். கூடவே வட்டின் நடுத்துளையைக் கைவிளக்கில் பாருங்கள். பற்களை அழுத்தாமல் விளிம்பைப் பிடித்து வளைத்து எடுக்கும் பழக்கத்தால், துளையைச் சுற்றி மயிரிழை விரிசல்கள் விட்டிருக்கும். விரிசல் வெள்ளித் தரவுப் பகுதியை நோக்கி நீண்டிருந்தால் அந்த வட்டை இயந்திரத்தில் போட வேண்டாம். சுழலும் வேகத்தில் அது சிதறினால் போவது வட்டோடு நிற்காது.

அறிகுறி: வட்டு சுத்தமாக இருக்கிறது, இயந்திரம் படிக்க மறுக்கிறது

வேறொரு வட்டைப் போட்டுப் பாருங்கள். அதுவும் ஓடாவிட்டால் குறை லென்ஸில் இருக்கிறது. குளிர்ந்த அறையிலிருந்து வரவேற்பறைக்கு இயந்திரத்தைத் தூக்கிவந்த உடனே இப்படி நேர்ந்தால் லென்ஸ் பனித்திருக்கும், ஒரு மணி நேரம் சும்மா விடுங்கள்.

அந்த ஒரு வட்டு மட்டும் ஓடவில்லை என்றால், அது எந்த வகை என்பது முக்கியம். பிளேஸ்டேஷன் 1 விளையாட்டுகளும், பிளேஸ்டேஷன் 2இல் அடிப்பக்கம் நீலமாக இருப்பவையும் சிடிக்கள். சிடியில் தரவு படலம் பெயர் அச்சிட்ட பக்கத்துக்குச் சற்றே கீழே இருக்கிறது. ஆகவே பலர் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளும் அடிப்பக்கத்தைவிட, அலட்சியமாக மேசையில் கவிழ்த்து வைக்கும் மேற்பக்கக் கீறலே ஆளைக் கொல்லும். விளக்குக்கு எதிரே பிடித்தால் ஊசித்துளைபோல் ஒளி தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் படலம் போய்விட்டது. டிவிடியில் படலம் 0.6 மி.மீ. ஆழத்தில், இரண்டு தகடுகளுக்கு நடுவே இருக்கிறது. இவ்விரண்டு வகைக்கும் அடிப்பக்கக் கீறலை இழைத்து மெருகேற்றும் இயந்திரம் கைகொடுக்கும். பிளேஸ்டேஷன் 3 முதல் வந்த புளூ-ரே வட்டுகளில் படலம் படிக்கும் பக்கத்திலிருந்து 0.1 மி.மீ. ஆழத்திலேயே இருப்பதால், இழைத்தால் தரவும் சேர்ந்து போகும். கடைக்காரர் “எல்லா டிஸ்க்கும் போடலாம்” என்று சொன்னாலும் கொடுக்காதீர்கள். பற்பசை வைத்தியம் எந்த வகைக்கும் வேண்டாம்.

அறிகுறி: பிசுபிசுப்பு, பசை, ஒட்டுவில்லை

வட்டிலும் அட்டையிலும் எண்ணெய் தடவினாற்போல் பிசுக்கு இருந்தால், பழைய பிவிசி உறையை மென்மையாக்கச் சேர்த்த பொருள் கசிந்திருக்கிறது. வட்டைச் சோப்பு நீரில் கழுவி, பாலிபுரொப்பிலீன் உறைக்கு மாற்றுங்கள்.

விலைச்சீட்டின் பசைக்கு யூகலிப்டஸ் எண்ணெய் நல்ல மருந்து. டிவிடி வகைப் பெட்டிகள் பாலிபுரொப்பிலீன் என்பதால் தாங்கும். சிடி வகைக் கண்ணாடிப் பெட்டிகள் பாலிஸ்டைரீன். அதே எண்ணெய் அவற்றை மங்கவைத்து விரிசல் விடவைக்கும். வளைத்தால் வளைவது முன்னது, தட்டினால் கணீரென்று கேட்பது பின்னது. பின்னதற்கு வெதுவெதுப்பான சோப்பு நீரும் பொறுமையுமே போதும். வீட்டில் யூகலிப்டஸ் இல்லையே என்று கோடாலித் தைலத்தை எடுக்கும் பழக்கம் எங்கள் வீட்டில் உண்டு. பசை போகும், வாடை மூன்று வாரம் போகாது.

2008இல் நடப்புக்கு வந்த விளையாட்டு வகைப்பாட்டுத் திட்டத்தின்படி ஒட்டப்படும் எம்18 (18 வயது நிரம்பியோருக்கு உரியது) ஒட்டுவில்லையை உரிக்கலாமா என்று சிலர் கேட்பதுண்டு. இந்தப் பெட்டி சிங்கப்பூர்க் கடையில் விற்றது என்பதற்கு அதைவிட வேறு சான்று பெட்டியில் இருக்காது. நான் உரிப்பதில்லை.

அறிகுறி: கையேட்டின் ஓரம் அரிக்கப்பட்டிருக்கிறது

இராமபாணப் பூச்சியின் வேலை. தாளின் மேற்பரப்பைச் சுரண்டினாற்போல் தின்றிருக்கும். ஈரப்பதத்தை 50க்குக் கொண்டுவந்தால் அதுவே இடத்தைக் காலி செய்யும். அந்துருண்டையை மட்டும் போடாதீர்கள். அதன் ஆவி பாலிஸ்டைரீனை இளக்கி, சிடிப் பெட்டிகளை ஒன்றோடொன்று ஒட்டவைத்துவிடும்.

அறிகுறி: கார்ட்ரிட்ஜ் ஓடவில்லை, அல்லது சேமித்த ஆட்டம் மறைந்துவிட்டது

ஊதாதீர்கள், எச்சில் ஈரம் செப்பு முனைகளில் களிம்பேற்றும். செறிவு மிகுந்த ஐசோபுரொப்பில் ஆல்கஹாலைப் பஞ்சுக் குச்சியில் தொட்டு முனைகளைத் துடைத்து, காய்ந்த பிறகு செருகுங்கள். ஆட்டம் ஓடி, சேமிப்பு மட்டும் நிற்காவிட்டால், பழைய கேம்பாய் கார்ட்ரிட்ஜ்களில் உள்ளே பற்றவைத்திருக்கும் சிஆர்2025 போன்ற நாணய பேட்டரி தீர்ந்திருக்கும். திறக்க 3.8 மி.மீ. தனித் திருப்புளி வேண்டும். பேட்டரியைக் கழற்றும்போதே எஞ்சியிருக்கும் சேமிப்பும் போய்விடும் என்பதையும், பற்றவைக்கும் சூட்டுக்கோலை நேரே பேட்டரிமேல் வைக்காமல் தகட்டுக்கால் உள்ள பேட்டரியாக வாங்க வேண்டும் என்பதையும் முன்கூட்டியே அறிந்திருப்பது நலம்.

அறிகுறி: எல்லாம் சரி, இடம்தான் இல்லை

பெட்டியின் கனஅளவில் பெரும்பகுதி காற்று. ஸ்விட்ச் அட்டை 31க்கு 21 மி.மீ.; அதைச் சுமக்கும் பெட்டி 170க்கு 105. அடிக்கடி விளையாடும் அட்டைகளையும் வட்டுகளையும் பாலிபுரொப்பிலீன் பைகள் உள்ள கோப்பில் போட்டுக் கைக்கெட்டும் இடத்தில் வைத்துக்கொண்டு, வெற்றுப் பெட்டிகளை முகப்புத் தாளோடு பிளாஸ்டிக் பெட்டியில் அடைத்துக் கட்டிலின்கீழ் தள்ளிவிடலாம். 40 செ.மீ. அகலமும் 19 செ.மீ. உள்ளுயரமும் உள்ள ஒரு பெட்டியில் ஸ்விட்ச் பெட்டிகள் ஒரு வரிசைக்கு 35 நிற்கும். 36ஆவதையும் திணித்தால் நிற்கும்தான், திணிக்காதீர்கள். ஒவ்வொரு வெற்றுப் பெட்டிக்குள்ளும் “கோப்பு 2, பக்கம் 5” என்று பென்சிலில் எழுதிய துண்டுச் சீட்டை நான் வைத்துவிடுகிறேன். பேனா மை ஈரத்தில் ஊறி முகப்புத் தாளில் இறங்கும்.